சூப்பர் சிங்கர் பட்டம் வென்றவர்கள் அப்புறம் என்ன ஆனார்கள்?

கிராண்ட் ஃபினாலே முடிந்து ஆறு மாதம் ஆனதும் தவறாமல் ஒரு கேள்வி வரும். "அந்தப் பையன்தானே ஜெயித்தான், இப்போது எங்கே? சினிமாவில் ஒரு பாட்டும் காணோமே?" கூடவே இன்னொன்றும் வரும். பாதியில் எலிமினேட் ஆன பெண்ணின் பாட்டு ஊரெல்லாம் ஒலிக்கிறதே, அப்படியானால் நடுவர்கள் தப்புச் செய்துவிட்டார்களா, ஓட்டில் ஏதாவது நடந்துவிட்டதா?

இரண்டு கேள்விகளும் ஒரே குழப்பத்தில் பிறப்பவை. டிவி மேடையில் வெல்லும் பட்டத்தையும் பாடகராகப் பிழைக்கும் வாழ்க்கையையும் ஒரே ஏணியின் அடுத்தடுத்த படிகளாக நாம் எடுத்துக்கொள்கிறோம். பட்டத்தை முடிவுசெய்பவர்கள் வேறு, வேலை கொடுப்பவர்கள் வேறு. இரு தரப்பும் தேடுவதும் வேறு. இதை அடிப்படையிலிருந்தே பார்க்கலாம்.

## ஓட்டு எதை அளக்கிறது?

விஜய் டிவியின் சூப்பர் சிங்கர் 2006-இல் தொடங்கியது. முதல் சீசனில் நிகில் மேத்யூ வென்றார். அடுத்தடுத்து அஜீஷ், சாய் சரண், திவாகர், ஆனந்த் அரவிந்தாக்ஷன், செந்தில் கணேஷ், மூக்குத்தி முருகன், ஸ்ரீதர் சேனா, அருணா என்று பட்டியல் நீள்கிறது. சிறுவர்களுக்கான ஜூனியர் தனி வரிசை.

போட்டி நான்கு கட்டங்களாக நடக்கும்:

1. ஆடிஷன். ஊர் ஊராகப் போய் ஆயிரக்கணக்கானவர்களைக் கேட்டு, சில பத்துப் பேராகச் சுருக்குவார்கள். இங்கே முழு அதிகாரமும் நடுவர்களுக்கும் நிகழ்ச்சிக் குழுவுக்கும்தான்.

2. எலிமினேஷன் சுற்றுகள். வாரத்துக்கு ஒரு தலைப்பு: கிராமியப் பாடல், எண்பதுகளின் பாடல், டெடிகேஷன், டூயட். மதிப்பெண்ணும் நடுவர்களின் முடிவும் சேர்ந்து ஒருவரை வெளியே அனுப்பும்.

3. வைல்டு கார்டு. வெளியேறியவர்களில் சிலரைத் திரும்ப அழைத்துப் பாடவைத்து, ஓரிருவருக்கு இறுதிச் சுற்று வாய்ப்பைக் கொடுப்பது.

4. கிராண்ட் ஃபினாலே. நான்கைந்து பேர் மிஞ்சியதும் முடிவு பார்வையாளர்களின் கைக்குப் போகிறது. எஸ்.எம்.எஸ்., இணையதளம், செயலி என்று காலத்துக்கு ஏற்ப வழி மாறியிருக்கிறது.

நான்காவது கட்டத்தில்தான் அளவுகோல் மாறுகிறது. ஒரு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ஐந்து பேர் ஃபினாலேயில் இருக்கிறார்கள். ஒருவர் 26 சதவீத ஓட்டு வாங்குகிறார், மற்ற நால்வரும் ஆளுக்கு 18.5 சதவீதம். 26 வாங்கியவருக்குப் பட்டம். ஓட்டுப் போட்டவர்களில் நான்கில் மூன்று பங்குக்குக் கொஞ்சம் குறைவானவர்கள் வேறொருவரைத்தான் விரும்பினார்கள் என்பது மறுநாள் செய்தியில் காணாமல் போய்விடும். அந்த நால்வரின் ரசிகர்கள் மட்டும் எங்கேயும் போய்விடவில்லை.

ஓட்டுக்குள் குரல் மட்டுமே இருப்பதும் இல்லை. பல மாதம் வாரந்தோறும் வீட்டுக்கு வந்துபோன முகம், மேடையில் கண்கலங்கிய அம்மா, "எங்க ஊர்ப் பிள்ளை" என்ற உரிமை, எல்லாம் சேர்ந்ததுதான் ஓர் ஓட்டு. 2007-இல் ஹிந்தி இந்தியன் ஐடல் போட்டியில் கொல்கத்தா போலீஸில் கான்ஸ்டபிளாக இருந்த பிரசாந்த் தமாங் வென்றார். டார்ஜீலிங் மலையிலும் வடகிழக்கிலும் இருந்த கூர்க்கா மக்கள் காசு திரட்டி அவருக்கு எஸ்.எம்.எஸ். அனுப்பினார்கள். தங்களில் ஒருவர் நாடறிந்த மேடையில் நிற்பதை முதல்முறை பார்த்த ஒரு சமூகத்தின் ஓட்டு அது. அதில் குறை காண எனக்கு மனமில்லை. மும்பையில் ஓர் இசையமைப்பாளர் தன் அடுத்த பாட்டுக்குக் குரல் தேடும்போது அந்த ஓட்டுக் கணக்கு மேஜைமேல் இருக்காது என்பதுதான் விஷயம். தமாங் பிறகு நேபாளிப் படங்களில் நடித்தார். அவருடைய மக்கள் இருந்த இடத்தில் அவருக்கு வாழ்க்கை அமைந்தது.

இன்னொரு குழப்பத்தையும் இங்கேயே தெளிவுபடுத்திவிடலாம். ஐந்தாவது சீசனில் ஆனந்த் அரவிந்தாக்ஷன் வென்றபோது, ஏற்கெனவே படங்களில் பாடியவர் எப்படிப் போட்டியிடலாம் என்று பெரிய விவாதம் எழுந்தது. சில படத்தில் பாடியவர் "வந்துவிட்டவர்" என்று பார்வையாளர் நினைப்பதால் எழுந்த விவாதம் அது. பாடகர்கள் உலகில் சில படம் என்பது வாசற்படி. அதைத் தாண்டிய பிறகும் போட்டிக்கு வரவேண்டிய தேவை இருந்தது என்பதே இந்தத் தொழில் எவ்வளவு நெருக்கடியானது என்பதைச் சொல்லிவிடுகிறது.

## பாடிய பாட்டும் பாடாத பாட்டும்

போட்டி மேடையில் பாடுவது எல்லாம் ஏற்கெனவே வெளிவந்த, நமக்கு மனப்பாடமான பாட்டு. கேட்பவர் மனதில் அசல் ஓடிக்கொண்டிருக்கும். அந்தச் சங்கதி (ஒரே வரியை நுணுக்கமாக மாற்றிப் பாடும் விதம்) அப்படியே விழுந்ததா, அந்தப் பிருகா (வேகமாக உருளும் ஸ்வரங்கள்) பிசகாமல் வந்ததா, மேல் ஸ்தாயியில் குரல் உடையாமல் நின்றதா என்று ஒப்பிட்டே மதிப்பெண் போடுகிறோம். பாட்டின் மேல் நமக்கு இருக்கும் பழைய அன்பில் கொஞ்சம் பாடுகிறவருக்கும் போய்ச் சேர்கிறது.

பின்னணிப் பாடகரின் வேலை இதற்கு நேர்மாறானது. யாருமே கேட்டிராத மெட்டுக்கு முதல்முறை உருவம் கொடுக்கவேண்டும்.

பதிவறையில் நடப்பதைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்ப்போம். ஒரு சின்னக் கண்ணாடி அறை. ஹெட்போனின் ஒரு பக்கம் காதில், இன்னொரு பக்கம் காதுக்குப் பின்னால். கையில் பாட்டு எழுதிய தாள். அதில் இரண்டு வரி அடித்துத் திருத்தப்பட்டிருக்கும், இன்னொரு வரி வந்துகொண்டிருக்கும். ட்ராக் என்று சொல்லப்படும் மாதிரிக் குரல் ஒருமுறை ஓடும். அதை இசையமைப்பாளரே பாடியிருக்கலாம், அல்லது சம்பளத்துக்கு ட்ராக் பாடும் ஒருவர் பாடியிருக்கலாம். அப்புறம் பல்லவியை நான்காக உடைத்துப் பாடச் சொல்வார்கள். ஒவ்வொரு துண்டுக்கும் எட்டு டேக், பத்து டேக். "கொஞ்சம் சிரிச்ச மாதிரி", "மூச்சு தெரியட்டும்", "அந்த ழகரத்தை அழுத்தாதீங்க" என்று வெளியிலிருந்து குரல் வரும். முக்கால் நிமிடப் பல்லவிக்கு ஒரு மணி நேரம் ஓடிவிடும். கைதட்ட ஆளில்லை, நிமிர்ந்து பார்க்க நடுவர் இல்லை. முடிந்த பிறகும் நிச்சயம் கிடையாது. அதே பாட்டை இன்னும் இருவரைப் பாடவைத்திருப்பார்கள். யார் குரல் படத்தில் இருக்கிறது என்பது பாட்டு வெளியாகும் நாளில்தான் தெரியவரும் என்பது இந்தத் துறையில் சாதாரணம்.

இதில் கவனிக்கவேண்டிய தொழில்நுட்பம் ஒன்று உண்டு. போட்டியில் அதிகம் பேசப்படுவது ஸ்ருதி. "ஸ்ருதி விலகிடுச்சும்மா" என்ற ஒரு வாக்கியத்தில் எத்தனையோ பேர் வெளியேறியிருக்கிறார்கள். பதிவறையில் ஸ்ருதிப் பிசகைக் கணினியில் சரிசெய்துவிட முடியும், இருபது வருடமாகச் செய்துகொண்டும் இருக்கிறார்கள். கணினியால் சரிசெய்ய முடியாதது குரலின் தன்மை. நான்கு சொல் கேட்டதும் "இது இன்னார்" என்று தெரியவேண்டும், அல்லது இந்தக் கதாபாத்திரம் வாய்திறந்தால் இப்படித்தான் இருக்கும் என்று நம்பவைக்கவேண்டும். எந்தப் பாட்டையும் அசல் மாதிரியே பாடும் திறமை போட்டியில் பெரிய பலம். பதிவறையில் அதே திறமை, "நல்லாத்தான் பாடுறார், ஆனா இவர் குரல் எது?" என்ற கேள்வியில் வந்து நிற்கும். பட்டம் வென்ற பலர் தடுக்கிய இடம் இது என்றே நான் நினைக்கிறேன்.

வேலையின் அளவும் குறைவு. தமிழில் ஆண்டுக்குச் சுமார் 200 படம் வருகிறது. ஒரு படத்துக்கு நான்கைந்து பாட்டு. அவற்றில் பேசப்படும் பாட்டுகளில் கணிசமான பங்கை இசையமைப்பாளர்களே பாடிவிடுகிறார்கள். யுவன், அனிருத், ஜி.வி. பிரகாஷ், சந்தோஷ் நாராயணன் எல்லோரும் பாடகர்களும்கூட. தனுஷ், சிவகார்த்திகேயன், விஜய் என்று நடிகர்களும் பாடியிருக்கிறார்கள். மும்பையிலிருந்தும் கேரளாவிலிருந்தும் குரல்கள் வருகின்றன. மிச்சத்துக்குத்தான் ஒவ்வொரு சீசனும் இருபது பேரைப் புதிதாக அனுப்பிக்கொண்டிருக்கிறது.

## ஒருவர், எதிரே பத்தொன்பது பேர்

"ஜெயித்தால் ராசியில்லை, தோற்றவர்கள்தான் முன்னுக்கு வருகிறார்கள்" என்ற பேச்சு பரவலாக இருக்கிறது. இது கணக்கைத் தப்பாகப் படிப்பதால் வருவது.

ஒரு சீசனில் மக்கள் மனதில் பதியும் அளவுக்கு வருபவர்கள் இருபது பேர் என்று வைத்துக்கொள்வோம். வென்றவர் ஒருவர், வெல்லாதவர்கள் பத்தொன்பது பேர். பட்டத்துக்கும் பின்னாள் வெற்றிக்கும் ஒரு தொடர்பும் இல்லை, இருபது பேருக்கும் சமவாய்ப்பு என்றே கொண்டாலும், அந்த சீசனிலிருந்து வரப்போகும் ஒரே நட்சத்திரம் இருபதுக்குப் பத்தொன்பது தடவை பட்டம் வெல்லாதவராகத்தான் இருப்பார். பட்டம் வென்றவருக்கு மற்றவர்களைப் போல ஐந்து மடங்கு வாய்ப்பு என்று வைத்தாலும்கூட, மொத்தம் 24 பங்கில் அவருக்கு 5, மற்றவர்களுக்கு 19. அதாவது நட்சத்திரமாகிறவர் வெல்லாதவராக இருப்பதே இயல்பு. பட்டத்தில் சாபம் ஏதும் இல்லை.

இதை மனதில் வைத்துக்கொண்டு சில வாழ்க்கைகளைப் பார்க்கலாம்.

1. மூன்றாவது சீசன். 2011-இல் சாய் சரண் வென்றார். அதே சீசனில் இறுதிவரை வந்த சத்யபிரகாஷும் பூஜாவும் 2017-இல் மெர்சல் படத்தின் 'ஆளப்போறான் தமிழன்' பாட்டில் ஏ.ஆர். ரஹ்மான் இசையில் பாடியவர்களில் இருவர். சத்யபிரகாஷ் அதற்கு முந்தைய ஆண்டே 'ராசாளி' பாடியிருந்தார், 2017-இலேயே காற்று வெளியிடை படத்தில் 'நல்லை அல்லை'யும் பாடினார். ராசாளியின் வேகமும் நல்லை அல்லையின் நிதானமும் ஒரே தொண்டையில் இருப்பது ஓர் இசையமைப்பாளருக்கு எவ்வளவு வசதி என்று இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் புரியும்.

2. இரண்டாவது சீசன். வென்ற அஜீஷ் 2010-இல் கோவா படத்தில் யுவன் இசையில் 'இதுவரை' பாடினார். அந்தப் பாட்டு இன்றும் பலருடைய பட்டியலில் இருக்கிறது. பிறகு அவர் இசையமைப்பாளராகவும் ஆனார். பட்டம் வென்றவர் காணாமல் போனார் என்று சொல்வதற்கு இவரே நல்ல மறுப்பு. இடம் மாறி நின்றார், அவ்வளவுதான்.

3. ஆறாவது சீசன். 2018-இல் நாட்டுப்புறப் பாடகர் செந்தில் கணேஷ் வென்றார். அவரும் மனைவி ராஜலட்சுமியும் போட்டிக்கு வருமுன்பே ஊர் ஊராக மேடையேறியவர்கள். ராஜலட்சுமி ஃபினாலேக்கு முன்பே வெளியேறினார். அடுத்த வருடம் சார்லி சாப்ளின் 2 படத்தில் 'சின்ன மச்சான்' இருவரையும் பட்டிதொட்டியெல்லாம் கொண்டுபோனது. 2021-இல் புஷ்பா படத்தின் தமிழ் 'சாமி சாமி' ராஜலட்சுமிக்குப் போனது. ஒரே வீட்டில் பட்டம் ஒருவருக்கு, மிகப் பெரிய பாட்டு இன்னொருவருக்கு. அந்தப் பாட்டுக்குத் தேவைப்பட்டது மண்வாசனையோடு சீண்டும் ஒரு பெண்குரல். தேவை எதுவோ அதற்குத்தான் அழைப்பு. அதே சீசனில் இரண்டாமிடம் வந்த ரக்ஷிதா சுரேஷ் 2022-இல் பொன்னியின் செல்வன் முதல் பாகத்தில் 'சொல்' பாடினார்.

4. ஏழாவது சீசன். மூக்குத்தி முருகன் வென்ற அந்தப் போட்டியில் இருந்த சிவாங்கி, அடுத்து குக்கு வித் கோமாளியில் வீட்டுப் பிள்ளையானார், 2022-இல் டான் படத்தில் நடித்தார். பாட்டுப் போட்டி அவருக்குப் பாட்டைவிட முகத்தை அறிமுகப்படுத்திக் கொடுத்தது.

ஹிந்தியில் இதைவிடப் பெரிய உதாரணம் இருக்கிறது. 2005-இல் ஃபேம் குருகுல் என்ற போட்டியிலிருந்து வெளியேறியவர் அரிஜித் சிங். அடுத்த சில வருடம் அவர் பெரும்பாலும் மேடைக்குப் பின்னால்தான் இருந்தார். ப்ரீதம் போன்ற இசையமைப்பாளர்களுக்கு உதவியாளராக, ஒலிப்பதிவுக் கூடத்தில் புரோகிராமிங் செய்துகொண்டிருந்தார். 2013-இல் 'தும் ஹி ஹோ' வந்தது. இடைப்பட்ட எட்டு வருடத்தை டிவி காட்டவில்லை. அந்த வருடங்களில்தான் பாட்டு எப்படிக் கட்டப்படுகிறது என்பதை உள்ளேயிருந்து கற்றிருக்கிறார்.

## நடுவர் நாற்காலியில் இருக்கும் காது

டிவி வருமுன்னும் பாட்டுப் போட்டிகள் இருந்தன. 1964-இல் சென்னையில் ஒரு தெலுங்கு அமைப்பு நடத்திய போட்டியில் கல்லூரி மாணவர் ஒருவர் முதல் பரிசு வாங்கினார். நடுவர்களில் ஒருவர் இசையமைப்பாளர் எஸ்.பி. கோதண்டபாணி. 1966-இல் அவரே அந்த மாணவரைத் தெலுங்குப் படத்தில் பாடவைத்தார். அப்படித்தான் எஸ்.பி. பாலசுப்ரமணியம் வந்தார். பரிசாக என்ன கொடுத்தார்கள் என்று இன்று யாரும் கேட்பதில்லை. நடுவர் நாற்காலியில் பாட்டுக் கொடுக்கக்கூடிய ஒருவர் இருந்தார், அதுவே பரிசாக அமைந்தது. பின்னாளில் எஸ்.பி.பி. 1996 முதல் ஈ டிவியில் 'பாடுதா தீயகா' என்ற தெலுங்குப் பாட்டுப் போட்டியை நடத்தி, தனக்குக் கிடைத்ததைப் பல பிள்ளைகளுக்குத் திருப்பிக் கொடுத்தார்.

சன் டிவியின் சப்தஸ்வரங்கள் போட்டியில் 2000-இல் சின்மயி வென்றார். நடுவராக வந்திருந்த பாடகர் ஸ்ரீனிவாஸ் அவரை ரஹ்மானிடம் அறிமுகப்படுத்தினார். 2002-இல் கன்னத்தில் முத்தமிட்டால் படத்தில் 'ஒரு தெய்வம் தந்த பூவே' வந்தது. ஷ்ரேயா கோஷல் ஜீ டிவியின் சரிகமபவில் வென்றவர். அவர் பாடியதை டிவியில் கேட்ட இயக்குநர் சஞ்சய் லீலா பன்சாலியின் தாயார் மகனைக் கூப்பிட்டுக் கேட்கச் சொல்ல, 2002-இல் தேவதாஸ் வாய்ப்பு வந்தது.

மூன்று கதையிலும் பொது அம்சம் ஒன்றுதான். அடுத்த பாட்டைத் தீர்மானிக்கும் இடத்தில் இருந்த ஒருவர் கேட்டார், கேட்டதும் நடவடிக்கை எடுத்தார். பல லட்சம் ஓட்டு அந்தக் காதை அந்தப் பக்கம் திருப்ப உதவலாம், அதன் வேலையைச் செய்ய முடியாது. அதனால் ஒரு சீசனில் பாட்டுப் போடும் இசையமைப்பாளர்கள் எத்தனை பேர் வந்து உட்கார்ந்து கேட்கிறார்கள் என்பது பரிசுத் தொகையைவிட முக்கியம்.

## அமெரிக்காவில் ஏன் கதை வேறு?

"அமெரிக்கன் ஐடலில் ஜெயித்தவர்கள் உலகப் புகழ் பெறுகிறார்களே" என்ற ஒப்பீடு அடிக்கடி வரும். அங்கே பரிசின் மையம் ரெக்கார்டிங் ஒப்பந்தம். பாடகர் தன் பெயரில் ஆல்பம் போடுகிறார், பாட்டு அவருடைய பெயரில் விற்கிறது. படமோ கதாநாயகனோ நடுவில் இல்லை. 2002-இல் வென்ற கெல்லி கிளார்க்சனும் 2005-இல் வென்ற கேரி அண்டர்வுட்டும் அந்த வழியில் பெரிய நட்சத்திரங்கள் ஆனார்கள். கேரிக்கு கன்ட்ரி இசை என்ற ஒரு முழு உலகமே ரசிகர் கூட்டமாகக் காத்திருந்தது.

அங்கேயும் பட்டமும் வாழ்க்கையும் ஒன்றாகவே போனதில்லை. 2004-இல் ஏழாமிடத்தில் வெளியேறிய ஜெனிஃபர் ஹட்சன் 2007-இல் நடிப்புக்காக ஆஸ்கர் வாங்கினார். பிரிட்டனில் 2010-இன் எக்ஸ் ஃபேக்டரில் மூன்றாமிடம் வந்தது ஒன் டைரக்ஷன் குழு. அந்த வருடம் வென்றவர் மேட் கார்டில்.

ஒப்பந்தத்துக்கும் ஒரு விலை உண்டு. போட்டிக்குள் நுழையும்போதே, வென்றால் யாருக்குப் பாடுவது, யார் மேனேஜர் என்பதெல்லாம் கையெழுத்தாகிவிடும். 2012-இல் வென்ற ஃபிலிப் ஃபிலிப்ஸ் அப்படிப்பட்ட ஒப்பந்தத்தை எதிர்த்து 2015-இல் கலிஃபோர்னியா தொழிலாளர் ஆணையரிடம் முறையிட்டார். தன் நிர்வாக நிறுவனம் உரிமம் இல்லாமல் ஏஜென்ட் வேலையும் பார்த்தது என்பது அவர் வாதம். பிறகு சமரசம் ஆனது. புதிதாக வரும் பாடகருக்குப் பேரம் பேசும் பலம் மிகக் குறைவாக இருக்கும் நேரத்தில்தான் மிக நீண்டகால ஒப்பந்தம் நீட்டப்படுகிறது. எந்த நாட்டுப் போட்டிக்குப் பிள்ளையை அனுப்பினாலும் பெற்றோர் அந்தத் தாள்களை ஒரு வழக்கறிஞரிடம் காட்டிவிட்டுக் கையெழுத்துப் போடுவது நல்லது.

## பரிசு வீடும் அதன் வரியும்

நம் ஊரில் பரிசு பெரும்பாலும் வீடு, தங்கம், கார். அறிவிக்கும் தொகைக்கும் கையில் சேர்வதற்கும் இடையில் வரி இருக்கிறது. டிவி போட்டியில் வெல்லும் பரிசுக்கு இந்திய வருமான வரிச் சட்டத்தில் லாட்டரிப் பரிசுக்குரிய அதே தட்டையான 30 சதவீத வரி. அந்த வரித் தொகையின்மேல் 4 சதவீத செஸ் என்ற கூடுதல் வரி. செலவு எதையும் கழித்துக்கொள்ள முடியாது. 'இந்த அளவு வருமானம்வரை வரியில்லை' என்ற அடிப்படைச் சலுகையும் இதற்குப் பொருந்தாது.

50 லட்ச ரூபாய் வீடு என்றால் வரி 15 லட்சம், செஸ் 60 ஆயிரம். பரிசு பொருளாக இருந்தால், வரி கட்டப்பட்டதை உறுதிசெய்த பிறகே அதைக் கொடுக்கவேண்டும் என்பது விதி. சில இடங்களில் பரிசு கொடுப்பவரே அந்தப் பொறுப்பை ஏற்பதுண்டு. ஏற்காவிட்டால், வாடகை வீட்டில் இருக்கும் குடும்பம் 15 லட்சத்து 60 ஆயிரத்துக்கு எங்கே போகும்?

## மகரக்கட்டு உடையும் வயது

ஜூனியர் வெற்றியாளர்களை எடைபோடும்போது கொஞ்சம் இரக்கம் வேண்டும். பன்னிரண்டிலிருந்து பதினைந்து வயதுக்குள் ஆண்பிள்ளைகளின் குரல்வளை வளர்ந்து, குரல் ஏறத்தாழ ஒரு முழு ஸ்தாயி கீழே இறங்கும். மகரக்கட்டு உடைவது என்று தமிழில் இதற்கு அழகான பெயரே உண்டு. சிறுவர்கள் நடித்த பாய்ஸ் கம்பெனி நாடகக் காலத்தில், மகரக்கட்டு உடைந்த பையன் கதாநாயகன் வேஷத்தை இழந்தான். பெண்பிள்ளைகளுக்கும் மாற்றம் உண்டு, அளவு குறைவு.

பத்து வயதில் நாம் ஓட்டுப் போட்ட குரல் பதினாறு வயதில் உடம்பிலேயே இல்லை. புதிய குரலைப் பழக்கிக் கொண்டுவர இரண்டு மூன்று வருடம் ஆகும். அதே வருடங்களில் பத்தாம் வகுப்பு, பன்னிரண்டாம் வகுப்பு. ஜூனியர் மூன்றாவது சீசனில் வென்ற ஆஜித்தை 2020-இல் பிக்பாஸ் வீட்டில் இளைஞராகப் பார்த்தபோது பலர் வியந்தார்கள். வருடங்கள் போயிருந்தன, அவ்வளவுதான். 2023-இல் ஜீ தமிழின் சரிகமப லிட்டில் சாம்ப்ஸில் வென்ற யாழ்ப்பாணத்துக் கில்மிஷாவிடமும் "அடுத்து என்ன படம்?" என்று அவசரப்படாமல் இருப்பதே நாம் செய்யக்கூடிய நன்மை.

## சோறு போடுவது எது?

சினிமாவில் பாட்டு இல்லை என்றால் பாடகர் சும்மா இருக்கிறார் என்று அர்த்தம் இல்லை. ஆடி மாதத்தில் ஓர் அம்மன் கோயில் திருவிழாவுக்குப் போனால் ஃப்ளெக்ஸ் பேனரில் "சூப்பர் சிங்கர் புகழ்" என்று போட்டு ஒரு பெயர் இருக்கும். மெல்லிசைக் கச்சேரி, கல்லூரி ஆண்டு விழா, கல்யாண ரிசப்ஷன், சிங்கப்பூர், மலேசியா, டொரன்டோ, லண்டன் மேடைகள் என்று வருடம் முழுக்க ஓடுகிறவர்கள் இருக்கிறார்கள். பலருடைய குடும்பம் நடப்பது இதில்தான். ஒரு படப்பாட்டுக்குப் புதுப் பாடகருக்குக் கிடைப்பதைவிட ஒரு நல்ல கச்சேரிக்குக் கூடுதலாகக் கிடைப்பது சாதாரணம்.

அந்தப் பேனரை நன்றாகப் பாருங்கள். ஐந்தாமிடத்தில் வெளியேறியவர் பெயருக்கு முன்னாலும் அதே "சூப்பர் சிங்கர் புகழ்"தான். மேடை ஏற்பாட்டாளருக்கு வேண்டியது கூட்டம் அடையாளம் காணும் முகமும் மூன்று மணி நேரம் தாங்கும் தொண்டையும்.

பாட்டிலிருந்து தொடர்ந்து வரும் பணம் தனி விஷயம். முன்பெல்லாம் பாடகருக்கு ஒருமுறை சம்பளம், அதோடு சரி. 2012-இல் காப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டபோது, பதிவுசெய்த பாட்டு வணிகரீதியாகப் பயன்படும்போது பாடியவருக்கும் ராயல்டி உண்டு என்று சட்டத்தில் வந்தது. அடுத்த வருடம் பாடகர்களுக்கான உரிமைச் சங்கமும் உருவானது. கலைஞருக்கான இந்த உரிமை 50 வருடம் நீடிக்கும். இருபது வயதில் ஒரு நல்ல பாட்டுப் பாடியவருக்கு எழுபது வயதுவரை அதில் பங்கு உண்டு. ஆனால் போட்டி மேடையில் பாடிக் கோடிக்கணக்கில் பார்வை வாங்கிய காணொளி அந்தக் கணக்கில் வேறு மாதிரி நிற்கிறது. அது சேனலின் நிகழ்ச்சி. மெட்டும் வரியும் வேறொருவருடையவை. பாடியவருக்கு மிஞ்சுவது பெயர்தான். சொந்தமாக ஒரு பாட்டாவது இருக்கவேண்டும் என்று இப்போதைய பிள்ளைகள் யூடியூபில் தனிப்பாடல் வெளியிட முனைவது இதனால்தான்.

## அடுத்த ஃபினாலேக்குப் பிறகு எதைக் கவனிக்கலாம்?

1. இரண்டாவது அழைப்பு. வெற்றியாளருக்கு முதல் படப்பாட்டு பல நேரம் பரிசின் பகுதியாகவே வந்துவிடும். அதே இசையமைப்பாளர் ஒரு வருடத்துக்குள் மறுபடி அழைக்கிறாரா என்று பாருங்கள். அந்த அழைப்புதான் வேலைக்காக வருவது.

2. பிறமொழி. சென்னையில் பதிவாகும் பாட்டுகள் தெலுங்கு, கன்னடம், மலையாளம் என்று போகின்றன. மொழி தெரியாத பாட்டிலும் உச்சரிப்பைப் பிடித்துப் பாடுகிறவருக்கு வேலை நான்கு மடங்கு. ராஜலட்சுமியின் 'சாமி சாமி' இதன் மறுபக்கம். தெலுங்கில் பிறந்த பாட்டைத் தமிழில் நிற்கவைக்க ஒரு தமிழ்க் குரல் தேவைப்பட்டது.

3. பெயர்ப்பட்டியல். ஒரு பாட்டு வெளியானதும் யூடியூபில் கீழே விரியும் விவரத்தை முழுக்கப் படியுங்கள். முதன்மைப் பாடகர் பெயருக்குக் கீழே கூடுதல் குரல், கோரஸ் என்று சில பெயர்கள் இருக்கும். நாம் எங்கே போனார் என்று தேடிக்கொண்டிருந்த பிள்ளையின் பெயர் பல நேரம் அந்த வரியில் இருக்கும்.